கொங்குநாடு கண்ட ஜீவா

சென்ற மாதம் எங்கள் பள்ளிக்கூடத்தில் ஒரு பேச்சுப் போட்டி நடந்தது. தேசத்திற்குத் தொண்டு செய்த பெரியோருள் ஒருவரைத் தேர்ந்துகொண்டு ஐந்து நிமிஷம் பேச வேண்டும் என்பது நிபந்தனை. காந்தியடிகளும், திலகரும், பாரதியாரும், வ. உ. சி.யும் வழக்கம்போல மேடைக்கு வந்து போனார்கள். ஒன்பதாம் வகுப்புப் பெண் ஒருத்தி மட்டும், யாரும் எதிர்பாராதபடி, ப. ஜீவானந்தத்தைப் பற்றிப் பேசினாள். நன்றாகவே பேசினாள், இரண்டாம் பரிசும் பெற்றாள்.

கூட்டம் கலைந்த பிறகு, கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த பையன் ஒருவன் என்னிடம் வந்து நின்றான். அவனுடைய பாட்டனார் பஞ்சாலையில் உழைத்தவர்.

"ஏனுங்க சார், அந்தப் புள்ள பேசுனதக் கேட்டீங்களா? மொதல்ல காந்தி கட்சி, அப்புறம் ஈரோட்டுக் கட்சி, அப்புறம் மறுக்காவும் காங்கிரசு, கடேசில செவப்புக் கட்சின்னு மாறிக்கிட்டே இருந்திருக்காருங்க. அவரப் போயி உறுதியான மனுசர்னு சொல்லுதே, அது எப்படிங்க?"

"யோசிச்சு நாளைக்குச் சொல்றேன் கண்ணு" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். நாளை என்றது பல நாட்கள் ஆகிவிட்டது. கேள்வி எளிதாக இருந்தது. பதில் எளிதாக இல்லை. அவனுக்குச் சொல்ல வேண்டும் என்று எண்ணிப் பார்த்ததையே நேயர்களுக்கும் இங்கே எழுதுகிறேன்.

ஜீவா கொங்குநாட்டில் பிறந்தவரல்லர். இங்கே வீடு வாசல் வைத்துக் கொண்டவருமல்லர். ஆயினும் அவருடைய வாழ்க்கையின் மூன்று முக்கியமான கட்டங்களில் நமது சீமைக்குப் பங்கு உண்டு. காவிரிக்கரை ஈரோட்டில் அவர் சமதர்மத்தின் பிரசாரகரானார். நொய்யல் கரையிலுள்ள கோவையின் ஆலைவாசல்களில் அந்தச் சமதர்மத்தை உரைத்துப் பார்த்தார். ஆயுளின் அந்திக் காலத்தில், அதே கோவைக்கு எழுத்தாளரையும் கலைஞரையும் வரவழைத்து ஒரு மன்றம் கண்டார். ஆகவே அந்தப் பையனுடைய கேள்விக்கு விடை தேட நாம் வெகுதூரம் போக வேண்டியதில்லை.

பூதப்பாண்டியிலிருந்து புறப்பட்டவர்

1907ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 21ஆம் தேதி, அக்காலத்தில் திருவிதாங்கூர் சமஸ்தானத்தைச் சேர்ந்திருந்த பூதப்பாண்டியில் ஜீவா பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் சொரிமுத்து. நாஞ்சில் நாட்டின் வயலும் மலையும் சூழ்ந்த அழகிய ஊர் அது. ஆனால் அந்த அழகுக்கு நடுவே, இன்னின்ன சாதியார் இன்னின்ன தெருவில் நடக்கலாகாது என்ற விதியும் இருந்தது. பள்ளிப் பிராயத்திலேயே அவ்விதியை அவர் பொருட்படுத்தவில்லை. தாழ்த்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்த தோழனை உடன் அழைத்துக்கொண்டு, போகக்கூடாத தெருக்களில் போனார். ஊரார் சீறினர், வீட்டார் கண்டித்தனர். பதினேழு பிராயம் நிரம்பு முன்பே வீட்டை விட்டு வெளியேறினார்.

1924ஆம் ஆண்டு வைக்கத்தில், கோயிலைச் சுற்றிய வீதிகளில் எல்லோரும் நடக்க உரிமை வேண்டுமென்று சத்தியாக்கிரகம் நடந்தபோது அதில் கலந்து கொண்டார். சுசீந்திரத்திலும் அவ்வாறே. கதர் உடுத்தினார். வ. வே. சு. ஐயர் சேரன்மாதேவியில் நடத்திய குருகுலத்தில் தேசிய ஊழியராகச் சேர்ந்தார். ஆனால் அங்கும் சில பிள்ளைகளுக்குத் தனிப் பந்தி என்ற ஏற்பாடு பெரும் சர்ச்சையாக மூண்டது. ஐயரின் தேசபக்தியில் ஜீவாவுக்குச் சந்தேகமில்லை. எனினும் தேசபக்தி ஒரு பந்தியிலும் சமபந்தி வேறொரு பந்தியிலும் இருக்க அவர் சம்மதிக்கவில்லை, விலகினார்.

பிறகு காரைக்குடிக்கு அருகேயுள்ள சிராவயலில் ஆசிரமம் நடத்தினார். நூல் நூற்பதும், ஏழைப் பிள்ளைகளுக்கு எழுத்தறிவிப்பதும் அங்கே நித்திய கருமங்கள். 1927ஆம் ஆண்டு தமிழ்நாட்டில் யாத்திரை செய்த காந்தியடிகள் அந்த ஆசிரமத்திற்கு வந்தார். உமக்குச் சொத்து எவ்வளவு என்று அடிகள் கேட்டதாகவும், இந்தத் தேசமே என் சொத்து என்று ஜீவா சொன்னதாகவும், இல்லை, நீர்தாம் இந்தத் தேசத்தின் சொத்து என்று அடிகள் திருத்தியதாகவும் ஒரு செய்தி தமிழ்நாடெங்கும் வழங்குகிறது. சொற்கள் வாய்க்கு வாய் சற்று மாறியிருக்கலாம். ஆனால் பின்னால் அவர் வாழ்ந்த வாழ்க்கை அந்தச் செய்தியைப் பொய்யாக்கவில்லை.

தனித்தமிழ் ஆர்வத்தால் தம் பெயரை 'உயிரின்பன்' என்று மாற்றிக்கொண்டதும் அந்த நாட்களில்தான். அந்தப் பெயர் நிலைக்கவில்லை. தமிழ்க் காதல் மட்டும் நிலைத்தது.

'தோழர்' என்ற சொல் பிறந்த ஊர்

ஈரோட்டில் 1925ஆம் ஆண்டு மே மாதம் 2ஆம் தேதி தொடங்கப்பெற்ற 'குடி அரசு' வாரப் பத்திரிகை, பத்தாண்டுக்குள் தமிழ்நாட்டின் திண்ணைகளையெல்லாம் சர்ச்சை மேடையாக்கியது. அதன் ஆசிரியர் ஈ. வெ. ராமசாமிப் பெரியார் ஐரோப்பிய நாடுகளையும் சோவியத் ருஷ்யாவையும் சுற்றிப் பார்த்துவிட்டு 1932ஆம் ஆண்டு நவம்பரில் ஊர் திரும்பினார். ஸ்ரீ, திருவாளர் முதலிய அடைமொழிகளை விட்டுவிட்டு, எல்லோரையும் 'தோழர்' என்றே அழைக்க வேண்டும் என்று பத்திரிகையில் எழுதினார். இன்று எந்தக் கட்சிக்காரர் வாயிலும் சரளமாகப் புழங்கும் அந்தச் சொல்லுக்கு அரசியல் வாழ்வு கொடுத்த ஊர் நமது ஈரோடுதான்.

அவ்வருஷம் டிசம்பர் 28, 29 தேதிகளில் பெரியாரின் இல்லத்தில் ஊழியர்கள் கூடினர். சென்னையிலிருந்து முதுபெரும் பொதுவுடைமையாளர் ம. சிங்காரவேலர் வந்திருந்தார். அங்கே உருவான வேலைத்திட்டம் 'ஈரோட்டுத் திட்டம்' என்று பெயர் பெற்றது. தேசம் அந்நிய ஆட்சியிலிருந்தும் முதலாளித்துவ ஆட்சியிலிருந்தும் விடுபட வேண்டும். ரெயில்வே, பாங்கு, கப்பல் போக்குவரத்து முதலியவை பொதுவுடைமை ஆக வேண்டும். குடியானவரும் தொழிலாளரும் பட்ட கடன்கள் ரத்தாக வேண்டும். தொழிலாளி நாளொன்றுக்கு 7 மணி நேரத்துக்கு மேல் உழைக்கலாகாது என்பன அதிலிருந்த சில அம்சங்கள். 'அபேதவாதம்' என்று படித்தவர்கள் மட்டும் பேசிக்கொண்டிருந்த தத்துவம், அன்று கொங்குநாட்டு வீடொன்றில், பாமரனுக்கும் விளங்கும் அம்சங்களாக வடிவெடுத்தது.

சட்டமறுப்பில் ஈடுபட்டு 1932இல் சிறைவாசம் கண்ட ஜீவா, புதிய மனிதராக வெளியே வந்திருந்தார். பகத்சிங்கின் தோழர்கள் சிலர் அக்காலத்தில் தமிழ்நாட்டுச் சிறைகளில் அடைபட்டிருந்தனர். அவர்களோடு பழகியதும், அங்கே படித்த புத்தகங்களும் அவரைச் சமதர்மத்தின்பால் ஈர்த்தன. ஈரோட்டுத் திட்டத்தை மேடைதோறும் எடுத்துச் சென்ற வாலிபர்களில் அவர் முன்னணியில் நின்றார். சிங்காரவேலர் எழுதுவார், ஜீவா முழங்குவார். மூத்தவரின் சாஸ்திர ஞானமும் இளையவரின் குரலும் சேர்ந்து அந்தச் சிறிய இயக்கத்தைப் பெரிதாகக் காட்டின.

சர்க்கார் வாளாவிருக்குமா? 1933இல் ஆட்சியைக் கண்டித்து எழுதிய தலையங்கத்துக்காகப் பெரியாரும், பத்திரிகையை வெளியிட்டு வந்த அவருடைய சகோதரி கண்ணம்மாளும் தண்டனை பெற்றனர். 1934ஆம் ஆண்டு ஜூலையில் கம்யூனிஸ்டுக் கட்சி சட்டவிரோதமானதென்று அறிவிக்கப்பட்டது. இந்த நெருக்கடியான வேளையில்தான் ஜீவாவின் வாழ்க்கையில் மிகக் கசப்பான சம்பவம் நேர்ந்தது.

ஒரு மன்னிப்புக் கடிதம்

1931ஆம் ஆண்டு மார்ச்சு 23ஆம் தேதி தூக்கிலிடப்பட்ட பகத்சிங், சிறையில் இருந்தபோது, தாம் ஏன் கடவுள் நம்பிக்கையற்றவரானார் என்பதை விளக்கி ஒரு கட்டுரை எழுதியிருந்தார். பெரியாரின் விருப்பப்படி ஜீவா அதைத் தமிழாக்கினார். ஈரோட்டிலிருந்து அது வெளியாயிற்று. உடனே சர்க்காரின் கை நீண்டது. வெளியிட்டதற்காகப் பெரியாரின் தமையனார் ஈ. வெ. கிருஷ்ணசாமியும், மொழிபெயர்த்ததற்காக ஜீவாவும் கைது செய்யப்பட்டனர்.

வழக்கை நடத்திச் சிறை செல்வதா, வருத்தம் தெரிவித்து வெளியே வருவதா என்ற கேள்வி எழுந்தது. வருத்தம் தெரிவித்துவிடலாம் என்பது பெரியாரின் முடிவு. அதன்படி இருவரும் எழுதிக் கொடுத்து விடுதலையாயினர்.

ஜீவாவைத் தெய்வமாக்கிப் பேசுவோர் இந்த இடத்தில் குரலைத் தாழ்த்திக் கொள்வதுண்டு. பெரியாரைக் குறை சொல்ல விரும்புவோர் இதே இடத்தில் குரலை உயர்த்துவதும் உண்டு. இரண்டும் நியாயமென்று எனக்குத் தோன்றவில்லை. அச்சகம் பறிபோனால் பத்திரிகை நிற்கும். பத்திரிகை நின்றால் சாதிக் கொடுமையை எதிர்க்கும் குரல் நின்றுவிடும். அரும்பாடுபட்டு ஓர் இயக்கத்தை வளர்த்தவருக்கு அந்தக் கவலை இருக்கத்தான் செய்யும். ஆனால் தூக்குமரம் ஏறும் வேளையிலும் அஞ்சாத ஒருவனுடைய எழுத்தைத் தமிழில் தந்துவிட்டு, அதற்காக வருந்துகிறேன் என்று கையெழுத்திடுவது மொழிபெயர்த்தவனுக்கு எத்தகைய வேதனையாக இருந்திருக்கும்! ஒருவர் ஸ்தாபனத்தைக் காக்க நினைத்தார். மற்றவர் சொல்லைக் காக்க விரும்பினார். இரண்டும் காக்கத் தக்கவையே. அன்றைக்கு இரண்டையும் ஒருங்கே காக்க வழியில்லாமற் போயிற்று.

ஜீவாவும் கையெழுத்திட்டார் என்பதை நாம் மறைக்க வேண்டியதில்லை. அதற்குப் பிறகு அவர் என்ன செய்தார் என்பதே பார்க்கத் தக்கது. சமதர்மப் பிரசாரத்தைச் சற்று ஒதுக்கி வைத்து, சமுதாயச் சீர்திருத்தத்தையே முதற் கடமையாகக் கொள்வதென்றும், ஜஸ்டிஸ் கட்சியை ஆதரிப்பதென்றும் பெரியார் முடிவு செய்தார். அந்தப் பாதையில் ஜீவாவால் செல்ல முடியவில்லை. மேடையும் புகழும் தந்த இயக்கத்தை விட்டு, 1936ஆம் ஆண்டு வாக்கில் சமதர்மக் கருத்துள்ள தோழர்களோடு வெளியேறினார். செல்வாக்குள்ள இடத்தை விட்டு, பணமும் பத்திரிகையும் இல்லாத இடத்துக்குப் போனார். காங்கிரஸ் மகாசபைக்குள்ளேயே ஏழைகளின் கட்சியாக இயங்கிய காங்கிரஸ் சோஷலிஸ்டுக் கட்சியில் சேர்ந்தார். 1937ஆம் ஆண்டு நவம்பரில் 'ஜனசக்தி' வாரப் பத்திரிகை அவரை ஆசிரியராகக் கொண்டு வெளிவந்தது.

ஆலைச் சங்கு

இப்போது ஈரோட்டிலிருந்து கோவைக்கு வருவோம். 1888இல் ஸ்டேன்ஸ் துரை நிறுவிய ஆலையோடு தொடங்கிய கோவைப் பஞ்சுத் தொழில், 1930களில் திடீரென்று பெருகிற்று. கரிசல் மண்ணில் விளைந்த பருத்தி முன்பே இருந்தது. நூற்பதற்கு வேண்டிய மின்சாரம் 1932இல் நீலகிரியின் பைக்காரா நீர்வீழ்ச்சியிலிருந்து இறங்கி வந்தது. சிங்காநல்லூர், பீளமேடு, உப்பிலிபாளையம் என்று சோளக்காடாக இருந்த இடங்களிலெல்லாம் புகைபோக்கிகளும் ஓட்டுக் கூரைகளும் எழுந்தன. மழை பொய்த்த கிராமங்களிலிருந்து ஆணும் பெண்ணும் ஆலைக்கு வந்தனர். சேவல் கூவி எழுந்த ஜனங்கள் ஆலைச் சங்கு ஊதி எழுந்தனர்.

ஆலைக்குள் சென்று பார்த்தால் வேறு உலகம். பஞ்சுத் தூசி பனிபோல் மிதக்கும். கதர்களின் இரைச்சலில் பக்கத்தில் நிற்பவர் பேச்சும் கேளாது. வேலைக்குச் சேர்ப்பதும் நீக்குவதும் மேஸ்திரியின் கையில் இருந்தது. 1934ஆம் வருஷத்துத் தொழிற்சாலைச் சட்டம் அமலுக்கு வரும் வரையில் நாளொன்றுக்கு 11 மணி, வாரத்துக்கு 60 மணி வேலை வாங்கச் சட்டமே இடங்கொடுத்தது. 1935 ஜனவரி முதல் அது 10 மணியும் 54 மணியுமாகக் குறைந்தது. ஈரோட்டுக் கூடத்தில் 7 மணி என்று எழுதியது எவ்வளவு பெரிய ஆசை என்பது, கோவையின் ஆலைவாசலில் நின்று பார்த்தால்தான் விளங்கும்.

1937இல் தேர்தல் நடந்தது. சென்னை ராஜதானியில் காங்கிரஸ் வெற்றி பெற்று, ராஜாஜி பிரதம மந்திரியானார். தொழிற்சங்கங்களில் ஊறியவரும், பிற்காலத்தில் ராஷ்டிரபதியானவருமான வி. வி. கிரி தொழில் மந்திரியானார். தொழிலாளர் தொகுதி ஒன்றிலிருந்து நமது கோவையின் இளம் வீரர் என். ஜி. ராமசாமி, இருபத்தைந்து பிராயத்தில், சட்டசபைக்குச் சென்றார். நம்மவர் ஆட்சி வந்தது, இனி நம் குறை தீரும் என்று தொழிலாளர் நம்பியதில் வியப்பில்லை. நம்பிக்கை கூடியபோது கோரிக்கையும் கூடிற்று. 1937, 1938ஆம் ஆண்டுகளில் கோவை ஆலைகளில் வேலைநிறுத்தங்கள் அடுத்தடுத்து மூண்டன. சர்க்கார் விசாரணைக் குழு அமைத்துக் கூலி, வேலைநேரம் ஆகியவற்றை ஆராய நேர்ந்தது.

இந்தக் கொந்தளிப்பின் நடுவில் ஜீவாவும், பி. ராமமூர்த்தி முதலிய சோஷலிஸ்டுத் தோழர்களும் தொழிலாளரிடையே வேலை செய்தனர். அவர்களுடைய நிலைமையை எண்ணிப் பாருங்கள். ஆட்சியில் இருப்பது தாங்கள் வோட்டுக் கேட்ட கட்சி. ஆலை முதலாளிகளில் பலர் சுதேசித் தொழிலை வளர்த்தவர்கள். காங்கிரசுக்குக் கைகொடுத்தவர்களும் அவர்களில் உண்டு. சுதேசி ஆலை ஓங்க வேண்டும் என்பது தேசபக்தி. அந்த ஆலையில் உழைப்பவன் வயிறு வாடலாகாது என்பதும் தேசபக்திதானே? இந்த இரண்டு தேசபக்திகளும் எதிரெதிரே நின்றபோது, இரண்டாவது பக்கத்தில் போய் நின்றவர் ஜீவா. சொந்தக் கட்சியின் ஆட்சியே அவரைச் சேர்ந்தோரைச் சங்கடமாகப் பார்த்தது. 1937இல் சோஷலிஸ்டுத் தலைவர் பட்லிவாலா ராஜத்துவேஷக் குற்றத்துக்காகச் சென்னை சர்க்காரால் கைது செய்யப்பட்டபோது, அந்தச் சங்கடம் வெளிச்சத்துக்கு வந்தது.

மேடையில் ஜீவா பேசும் விதம் தனி. ஒலிபெருக்கி எல்லா இடத்திலும் கிடைக்காத காலம். கனத்த சரீரமும் அடர்ந்த மீசையும் கொண்ட அவர், கையை வீசி, மேடையின் இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் நடந்து, உச்சக் குரலில் பேசுவார். கூலிக் கணக்கில் தொடங்கிய பேச்சு கம்பனிடம் போகும், பாரதியிடம் வரும், மறுபடியும் கூலிக் கணக்கில் வந்து நிற்கும். எழுதப் படிக்கத் தெரியாத தொழிலாளியிடம் இலக்கியம் எதற்கு என்று அவர் ஒருபோதும் எண்ணவில்லை. உனக்குக் கூலி பாக்கி இருப்பதுபோலவே கம்பனும் பாக்கி இருக்கிறான் என்பது அவர் கருத்து. தாமே பாட்டுக் கட்டினார். தொழிலாளரின் ஊர்வலங்களில் அவை பாடப்பட்டன.

சிறையும் சட்டசபையும்

பிறகு வந்த ஆண்டுகளின் வரலாற்றைச் சுருக்கமாகவே சொல்லலாம். 1939இல் உலக யுத்தம் மூண்டது. யுத்த எதிர்ப்பு, கைது, ஊர்விட்டு ஊர் துரத்தும் உத்தரவுகள் என்று ஜீவாவின் நாட்கள் கழிந்தன. அவர் கம்யூனிஸ்டுக் கட்சியில் முழுமையாக இணைந்துவிட்டார். ஜெர்மனி ருஷ்யாவைத் தாக்கிய பின்பு, யுத்தத்தை மக்கள் யுத்தம் என்று கூறி, 1942ஆம் ஆண்டு ஆகஸ்டுப் போராட்டத்தில் அக்கட்சி சேராமல் நின்றது. தேசபக்தர் பலருடைய மனம் அதனால் புண்பட்டது. அந்த வடு இன்னும் முழுதும் ஆறவில்லை. அதே காலத்தில், 1943 பிப்ரவரியில், முப்பத்தொரு பிராயம்கூட நிரம்பாத என். ஜி. ராமசாமி மறைந்தார் என்பதையும் கோவை மறக்கவில்லை. அவர் பெயரால் ஒரு பள்ளிக்கூடமே இங்கு நடக்கிறது. 1946 ஜனவரி 8ஆம் தேதி, சின்னியம்பாளையம் வழக்கில் தண்டனை பெற்ற ராமையன், வெங்கடாசலம், சின்னையன், ரங்கணன் என்ற நான்கு ஆலைத் தொழிலாளர் கோவைச் சிறையில் தூக்கிலிடப்பட்டனர். தொழிலாளர் இயக்கத்திற்கு இந்த ஊர் கொடுத்த விலை சிறிதன்று.

சுதந்திரம் வந்த ஆண்டில், அக்டோபர் 13ஆம் தேதி எட்டயபுரத்தில் பாரதி மணிமண்டபம் திறக்கப்பட்டது. ராஜாஜி திறந்துவைத்த அந்த விழாவில் ஜீவாவும் பேசினார். அரசியலில் எதிரெதிராக நின்றவர்களைப் பாரதியின் பெயர் ஒரே பந்தலில் கூட்டியது. ஆனால் சில காலத்திற்குள் கம்யூனிஸ்டுக் கட்சி தடைக்கு உள்ளாயிற்று, ஜீவா தலைமறைவானார். தடை நீங்கி 1952இல் தேர்தல் வந்தபோது சென்னை வண்ணாரப்பேட்டைத் தொகுதி மக்கள் அவரைச் சட்டசபைக்கு அனுப்பினர். அங்கே அவர் தமிழில் பேசினார். தமிழே ஆட்சிமொழியாக வேண்டும் என்று வாதாடினார். 1956ஆம் ஆண்டு இறுதியில் ஆட்சிமொழிச் சட்டம் நிறைவேறியதற்குப் பல கைகள் உழைத்தன. அவற்றில் ஒரு கை அவருடையது.

மீண்டும் கோவை

1950களின் இறுதியில் 'தாமரை' என்ற இலக்கியப் பத்திரிகையை ஜீவா தொடங்கினார். ஜெயகாந்தன் போன்ற இளம் எழுத்தாளர் அவருடைய நிழலில் வளர்ந்தனர். 1961ஆம் ஆண்டு மே மாதத்தில், கோவையில் கூடிய மகாநாட்டில், தமிழ்நாடு கலை இலக்கியப் பெருமன்றம் உதயமாயிற்று.

சென்னையும் மதுரையும் இருக்க, இந்த ஆலை நகரத்துக்கு எழுத்தாளர் ஏன் வர வேண்டும் என்று சிலருக்குத் தோன்றலாம். எனக்கோ அது மிகப் பொருத்தமாகவே படுகிறது. இருபத்துநான்கு ஆண்டுகளுக்கு முன் கூலி கேட்ட ஊரிலேயே, கூலியோடு கலையும் வேண்டும் என்று கேட்டார் ஜீவா. கட்சிக்காரர் மட்டும் கூடும் இடமாக அவர் அதைக் கருதவில்லை. தமிழின்பால் பற்றும் மக்களின்பால் அன்பும் உள்ள யாவரும் வரலாம் என்பது நோக்கம். இளமையில் மேடைக்கு மேடை வாதப்போர் புரிந்தவர், முதுமையை நெருங்குகையில், வாதத்தில் வெல்வதைவிட மனிதரைச் சேர்ப்பது பெரிது என்று கண்டுகொண்டார் போலும்.

அந்த மன்றம் பிறந்து இரண்டு ஆண்டுகள்கூட நிரம்பவில்லை. 1963ஆம் ஆண்டு ஜனவரி 18ஆம் தேதி ஜீவா சென்னையில் காலமானார். வயது ஐம்பத்தைந்து. எழுத்தாளர் சுந்தர ராமசாமி அவரை நினைந்து எழுதிய கட்டுரைக்குக் 'காற்றில் கலந்த பேரோசை' என்று தலைப்பிட்டார். அந்த மேடைக் குரலுக்கு அதைவிடப் பொருத்தமான தலைப்பு அமைவது அரிது.

அவர் சேர்த்த சொத்து

சட்டசபை அங்கத்தினராக இருந்தவர், பத்திரிகாசிரியர், தலைவர்களின் நண்பர். இவ்வளவு இருந்தும் தாம்பரத்தில் குடிசைவாசிகளின் நடுவே ஒரு குடிசையில்தான் ஜீவா குடியிருந்தார். அவருடைய நண்பரும் அக்காலத்து முதல் மந்திரியுமான காமராஜர், அந்தக் குடிசையைப் பார்த்து மனம் வருந்தி நல்ல வீடு தர முன்வந்ததாகவும், இங்குள்ள எல்லோருக்கும் வீடு வரட்டும், அப்போது நானும் வாங்கிக் கொள்கிறேன் என்று ஜீவா மறுத்ததாகவும் சொல்வார்கள்.

இன்னொரு கதையும் தொழிலாளரிடையே பல வடிவங்களில் வழங்குகிறது. இயக்கத்துக்காகத் தொழிலாளர் அணா அணாவாகத் தந்த நிதியைப் பையில் சுமந்துகொண்டு, ஜீவா பசியோடு நடந்து வந்தாராம். தளர்ந்து நின்றவரைப் பார்த்த தோழர், பையில் பணம் இருக்கையில் சாப்பிட்டால் என்ன என்று கேட்டாராம். அது தொழிலாளி தன் இயக்கத்துக்குக் கொடுத்தது, என் வயிற்றுக்குக் கொடுத்ததன்று என்றாராம் ஜீவா. இந்தக் கதையின் ஒவ்வொரு விவரத்துக்கும் சாட்சி கேட்பதில் பயனில்லை. நம் நாட்டில் எத்தனையோ தலைவர்கள் இருந்தார்கள். எல்லோரைப் பற்றியுமா ஜனங்கள் இப்படிக் கதை கட்டுகிறார்கள்? வெறுங்கையோடு வாழ்ந்தவரைப் பற்றித்தான் இத்தகைய கதை ஒட்டும்.

பையனுக்குச் சொல்லும் பதில்

இனி அந்தப் பையனிடம் வருகிறேன்.

தம்பி, ஜீவா மாறினார் என்று நீ சொன்னது உண்மை. கதர்த் தொண்டராக இருந்தார், சுயமரியாதைக்காரரானார், காங்கிரஸ் சோஷலிஸ்டானார், கம்யூனிஸ்டானார். அவர் எடுத்த நிலைகள் எல்லாம் சரியானவை என்று நான் சாதிக்கவில்லை. சிலவற்றை என்னால் இன்றைக்கும் ஒப்ப முடியவில்லை. ஆனால் ஒரு மனிதன் கட்சி மாறுவதைப் பார்க்கும்போது இரண்டு கேள்விகளைக் கேட்க வேண்டும். எதை விட்டுவிட்டுப் போனான்? போன இடத்தில் எதைப் பெற்றான்?

குருகுலத்தை விட்டபோது ஐயரின் அன்பை விட்டார். ஈரோட்டை விட்டபோது மேடையையும் பத்திரிகையையும் விட்டார். ஆலைவாசலில் நின்றபோது ஆட்சியிலிருந்த கட்சியின் ஆதரவை விட்டார். போன இடத்திலெல்லாம் அவர் பெற்றது சிறையும், தலைமறைவும், தாம்பரத்துக் குடிசையுமே. பூதப்பாண்டித் தெருவில் சிறுவனாக நடந்தபோது எந்தத் தோழன் பக்கத்தில் இருந்தானோ, அவன் பக்கத்தைவிட்டு அவர் கடைசி வரையில் நகரவில்லை. கொடி மாறிற்று, யாருக்காகக் கொடி பிடித்தாரோ, அந்த ஆள் மாறவில்லை.

மன்னிப்புக் கடிதத்தைப் பற்றியும் நீ ஒருநாள் கேட்பாய். ஒருமுறை தலை குனிய நேர்ந்தவன் அதற்கப்புறம் எப்படி நிமிர்ந்து நடக்கிறான் என்பதிலேதான் உறுதி விளங்குகிறது. எப்போதும் குனியாதவனைப் போற்றுவது எளிது. குனிந்து, அந்த வேதனையை மறவாமல், மறுபடி யாருக்கும் குனியாதவனிடமிருந்து உன்னையும் என்னையும் போன்ற சாமான்யர்கள் கற்றுக்கொள்ள அதிகம் உண்டு.

இன்று கோவையில் பல ஆலைகளின் சங்கு ஊதுவதில்லை. உன் பாட்டனார் நின்ற வாசல்கள் சில பூட்டிக் கிடக்கின்றன; சில இடங்களில் புதிய கட்டடங்கள் எழுந்துவிட்டன. ஆனால் நீ சாயங்காலம் எட்டு மணி வேலை முடிந்து வீடு திரும்பும் உன் தகப்பனாரைப் பார்க்கிறாயே, அந்த எட்டு மணிக்கு வாசலில் நின்று குரல் கொடுத்தவர்களில் ஜீவாவும் ஒருவர். அடுத்த வருஷத்துப் போட்டியில் நீயும் பேசு. உன் சந்தேகத்தையும் மறைக்காமல் சேர்த்தே பேசு. தோழர் ஜீவா இருந்திருந்தால் அந்தப் பேச்சைத்தான் முதலில் கைதட்டி வரவேற்றிருப்பார்.